கேம் அடிக்கடி கிராஷ் ஆகிறதா? அவசரப்பட்டுச் செய்யக்கூடாத தவறுகள்

விளையாட்டு சூடு பிடிக்கும் நேரம் பார்த்துத்தான் கேம் பட்டென்று மூடிக்கொள்ளும். மறுபடி திறந்தால் லோடிங் பாதி தாண்டுவதற்குள் திரும்பவும் அதே கதை. இந்த எரிச்சலில் பலர் செய்கிற முதல் காரியம், ஐகானை அழுத்திப் பிடித்து அன்இன்ஸ்டால் செய்வது. கிராஷால் போனது ஒரு மேட்ச்தான். அன்இன்ஸ்டாலால் பல மாத ஆட்டமே காணாமல் போகலாம். கிராஷைவிட அதைச் சரிசெய்கிறேன் என்று அவசரத்தில் செய்யும் வேலைகள்தான் பெரிய நஷ்டத்தில் கொண்டுபோய் விடுகின்றன.

அழித்துவிட்டு அப்புறம் யோசிப்பது

நீங்கள் ஆடிய ஆட்டம் எங்கே சேமிக்கப்படுகிறது என்று தெரியாமல் எதையும் அழிக்கக்கூடாது. இணையம் இல்லாமல் ஆடும் கேம்களில் பெரும்பாலும் அது போனுக்குள்ளேயே இருக்கும். கேமை நீக்கினால் கூடவே போய்விடும். கணக்கு வைத்து ஆடும் ஆன்லைன் கேம்களில் நிறுவனத்தின் சர்வரில் இருக்கும், பயமில்லை. சிக்கல் இந்த இரண்டுக்கும் நடுவில் இருக்கும் கெஸ்ட் லாகினில், அதாவது கணக்கு எதையும் இணைக்காமல் விருந்தாளியாக நுழைந்து ஆடுவதில்தான். ஆட்டம் என்னவோ சர்வரில் பத்திரமாகத்தான் இருக்கும். ஆனால் அது உங்களுடையது என்று காட்டும் அடையாளம் போனில், அந்த கேமின் டேட்டாவுக்குள் இருக்கும். அதை அழித்தால் வீடு அங்கேயே இருக்கிறது, சாவி தொலைந்துவிட்டது என்ற நிலைதான்.

அதனால் கேம் ஒரு நிமிடமாவது திறந்து நிற்கும்போது முதலில் அதன் செட்டிங்ஸுக்குப் போய்க் கணக்கை கூகுள் ப்ளே கேம்ஸ், ஆப்பிள் கணக்கு என்று ஏதாவது ஒன்றோடு இணைத்துவிடுங்கள். பிளேயர் ஐடி தெரியும் பக்கத்தை ஸ்க்ரீன்ஷாட் எடுத்து வைப்பதும் நல்லது. பின்னால் நிறுவனத்திடம் முறையிட வேண்டி வந்தால் அவர்கள் முதலில் கேட்பது அந்த எண்ணையும், பணம் கட்டி வாங்கியிருந்தால் அதன் ரசீதையும்தான்.

ஆண்ட்ராய்டில் இன்னொரு பொறி உண்டு. ஆப் விவரப் பக்கத்தில் ஸ்டோரேஜைத் திறந்தால் கேச்சை அழிப்பதற்கும் டேட்டாவை அழிப்பதற்கும் இரண்டு பட்டன்கள் பக்கத்துப் பக்கத்திலேயே இருக்கும். கேச் என்பது தற்காலிகக் கோப்புகள். அழித்தால் ஒன்றும் குறையாது. டேட்டாவை அழித்தால் கேம் புதிதாக இன்ஸ்டால் செய்த நிலைக்குப் போய்விடும். பல ஜிபி கணக்கில் இறக்கி வைத்த மேப்புகளும் அதோடு போய்விடும், திரும்ப முதலிலிருந்து டவுன்லோடு செய்ய வேண்டும். சில போன்களில் ஒரே பட்டனைத் தொட்ட பிறகுதான் எதை அழிக்க வேண்டும் என்று கேட்கும். அங்கே வேகமாகத் தட்டிக்கொண்டே போகாதீர்கள்.

ஐபோனில் ஆப்களுக்குப் பொதுவான கேச் பட்டன் கிடையாது. அதற்குப் பதில் ஸ்டோரேஜ் பக்கத்தில் ஆஃப்லோட் என்று ஒன்று இருக்கும். அது ஆப்பை மட்டும் எடுத்துவிட்டு அதன் டேட்டாவை வைத்துக்கொள்ளும். டெலீட் செய்தால் இரண்டும் போய்விடும். இதற்கெல்லாம் முன்னால், பெரிய கேம்கள் சிலவற்றில் லாகின் பக்கத்திலேயே ரிப்பேர் என்று ஒரு பட்டன் இருக்கிறதா என்று பாருங்கள். பாதியில் நின்றுபோன டவுன்லோடால் பழுதான கோப்புகளை அதுவே சரிபார்த்து மறுபடி இறக்கிக்கொள்ளும். இருக்கிற வழிகளில் சேதம் குறைந்தது அதுதான்.

எப்படி மூடுகிறது என்று கவனிக்காதது

எல்லாவற்றையும் ‘கிராஷ்’ என்று ஒரே பெயரில் சொல்லிவிடுகிறோம். ஆனால் கேம் எந்த விதத்தில் வெளியேறுகிறது என்பதிலேயே பாதி விடை இருக்கிறது.

எந்த அறிவிப்பும் இல்லாமல் கேம் சட்டென்று மறைந்து முகப்புத் திரை வந்தால் முதலில் ரேமைச் சந்தேகப்படுங்கள். நினைவகம் தீர்ந்துபோகும்போது போன் பின்னணியில் இருக்கும் ஆப்களை ஒவ்வொன்றாக மூடும். அப்படியும் போதவில்லை என்றால் கண்முன் ஓடிக்கொண்டிருக்கும் கேமையே மூடிவிடும். பெரிய மேப் லோடு ஆகும்போது, ஒரே இடத்தில் நிறைய பேர் கூடும்போது, அல்லது நெடுநேரம் ஆடிய பிறகு மட்டும் மூடினால் சந்தேகம் இன்னும் வலுக்கும். ஐபோனில் இதை உறுதிப்படுத்திக்கொள்ளவே வழி இருக்கிறது. செட்டிங்ஸில் பிரைவசி பகுதிக்குள் அனலிட்டிக்ஸ் டேட்டா என்ற பட்டியலைத் திறந்து, கேம் மூடிய நேரத்தில் ‘ஜெட்சம்ஈவென்ட்’ என்று தொடங்கும் கோப்பு உருவாகியிருக்கிறதா என்று பாருங்கள். நினைவகப் பற்றாக்குறையால் ஆப்களை மூடும்போது ஐஓஎஸ் எழுதி வைக்கும் குறிப்பு அது. அதற்குள் ‘லார்ஜஸ்ட் பிராசஸ்’ என்ற வரியில் அப்போது அதிக நினைவகம் எடுத்துக்கொண்டிருந்த ஆப்பின் பெயர் இருக்கும். அங்கே உங்கள் கேம் பெயரே இருந்தால் சந்தேகம் ஏறக்குறையத் தீர்ந்த மாதிரிதான்.

ஆண்ட்ராய்டில் ‘இந்த ஆப் தொடர்ந்து நின்றுவிடுகிறது’ என்ற பெட்டி வந்தால் அது வேறு விஷயம். ஓடிக்கொண்டிருந்த நிரலே எங்கோ பிழையில் சிக்கி நின்றிருக்கிறது. ஒவ்வொரு முறையும் ஒரே மெனு, ஒரே லெவல் என்று ஒரே இடத்தில் நின்றால், அடுத்த அப்டேட் வரும்வரை அந்த இடத்தைத் தவிர்ப்பதைவிடப் பெரிதாக நீங்கள் செய்யக்கூடியது ஒன்றுமில்லை. ‘பதிலளிக்கவில்லை’ என்று சொல்லி, காத்திருக்கவா மூடவா என்று கேட்டால் அது கிராஷே இல்லை. நீங்கள் தொட்டு 5 விநாடி வரை ஆப்பிடமிருந்து பதில் வராவிட்டால் ஆண்ட்ராய்டு இப்படிக் கேட்கும். ஸ்டோரேஜ் நிரம்பி வழியும் போன்களில் இதை அடிக்கடி பார்க்கலாம். கொஞ்சம் காத்திருந்தால் பல நேரம் கேம் தானே பிழைத்துக்கொள்ளும்.

திரையில் வண்ணத் திட்டுகள், கோடுகள், கறுப்புக் கட்டங்கள் தோன்றி அப்புறம் மூடினால் கிராஃபிக்ஸ் பக்கம் போய்ப் பாருங்கள். சில கேம்கள் திரையில் படம் வரைய வல்கன், ஓப்பன்ஜிஎல் என்று இரண்டு முறைகளைத் தரும். ஒன்றிலிருந்து மற்றொன்றுக்கு மாற்றிப் பார்ப்பது ஒரு நிமிட வேலை.

கேமோடு சேர்ந்து போனே அணைந்துபோகிறது என்றால் கேமைக் குறை சொல்லிப் பயனில்லை. பழைய பேட்டரியால் திடீரெனக் கூடும் மின்தேவைக்கு ஈடுகொடுக்க முடியாமல் போகலாம். 2017 தொடக்கத்தில் வந்த ஐஓஎஸ் 10.2.1-இல் ஆப்பிள் பழைய பேட்டரி உள்ள ஐபோன்களின் வேகத்தைக் கட்டுப்படுத்தியதற்குக் காரணமே இப்படி எதிர்பாராமல் அணைவதைத் தடுப்பதுதான். அது பெரிய சர்ச்சையாகி, 2018-இல் ஐஓஎஸ் 11.3-இல் பேட்டரி ஹெல்த் பக்கம் வந்தது. போன் சில வருடம் பழையது என்றால் முதலில் அந்தப் பக்கத்தைப் பாருங்கள்.

பூஸ்டர் ஆப்களை நம்புவது

ஒரே தட்டலில் ரேமைக் காலி செய்கிறேன் என்று சொல்லும் ஆப்களால் எனக்குத் தெரிந்து ஒரு பயனும் இல்லை. தேவைப்படும்போது பின்னணி ஆப்களை மூடும் வேலையை ஆண்ட்ராய்டே செய்துகொள்கிறது. பூஸ்டர் அவற்றை வலுக்கட்டாயமாக மூடினால் அவற்றில் சில உடனே மறுபடி எழுந்து உட்காரும். அதற்கு பிராசசரும் பேட்டரியும் வீணாகும். பூஸ்டரும் தன் பங்குக்குப் பின்னணியில் ஓடி, விளம்பரம் காட்டி, இருக்கிற ரேமில் கொஞ்சத்தை எடுத்துக்கொள்ளும்.

விர்ச்சுவல் ரேம், ரேம் பிளஸ் என்று போனோடே வரும் வசதியையும் அளவோடுதான் நம்ப வேண்டும். ஸ்டோரேஜின் ஒரு பகுதியை ரேம் போலப் பயன்படுத்துவது அது. ஸ்டோரேஜ், ரேமைவிடப் பல மடங்கு மெதுவானது. பின்னணியில் இருக்கும் ஆப்களைத் தூங்க வைக்க உதவும் என்பது சரி. ஆனால் 4 ஜிபி ரேம் உள்ள போனில் இன்னொரு 4 ஜிபியை இப்படிச் சேர்த்தால் அது 8 ஜிபி போனாக மாறிவிடாது.

நிஜமாகவே பலன் தருவது கேமுக்குள் இருக்கும் கிராஃபிக்ஸ் செட்டிங்ஸ்தான். அதிலும் எதைக் குறைக்கிறோம் என்று தெரிந்து குறைக்க வேண்டும். டெக்ஸ்ச்சர், அதாவது கேமில் வரும் பொருள்களின் மேல் போர்த்தும் படங்களின் தரம், நினைவகத்தைத் தின்னும். மேப் லோடு ஆகும்போது மூடும் கேமுக்கு அதைத்தான் முதலில் குறைக்க வேண்டும். ஃப்ரேம் ரேட்டும் நிழல்களும் சூட்டைக் கூட்டும். விநாடிக்கு 60 ஃப்ரேம் என்றால் ஒவ்வொரு படத்தையும் வரைய ஏறக்குறைய 16.7 மில்லிவிநாடிதான் கிடைக்கும், 30-க்கு இறக்கினால் 33.3 ஆகிவிடும். அரை மணி நேரம் ஆடிய பிறகு தடுமாறும் கேமுக்கு இது கைகொடுக்கும்.

சூட்டைக் கண்டுகொள்ளாமல் விடுவது

சார்ஜரில் போட்டபடி, தடித்த கவருக்குள், படுக்கையில் வைத்து ஆடுவது மூன்று பக்கமும் சூட்டை அடைத்து வைப்பதுதான். சூடு ஏறினால் போன் தன் வேகத்தைத் தானே குறைத்துக்கொள்ளும். ஐபோனைச் சுற்றி வெப்பம் 0 முதல் 35 டிகிரி செல்சியஸுக்குள் இருக்கும்போது பயன்படுத்தச் சொல்கிறது ஆப்பிள். அதற்காகச் சூடான போனை ஃப்ரிட்ஜில் வைக்கப் போகாதீர்கள். சட்டென்று குளிரும்போது உள்ளே ஈரம் படியும். கேம் பிரச்சினை அப்புறம் போர்டு பிரச்சினையாகிவிடும். கவரைக் கழற்றி, சார்ஜரைப் பிடுங்கி, கொஞ்ச நேரம் சும்மா வைத்தாலே போதும்.

யாரோ அனுப்பிய ஏபிகே

ப்ளே ஸ்டோரிலிருந்து இறக்கி ஓடாத கேமை நண்பரின் போனிலிருந்து ஏபிகேயாக, அதாவது ஆண்ட்ராய்டு ஆப்பை இன்ஸ்டால் செய்யும் கோப்பாக, வாங்கிப் போடுவது பழைய வழக்கம். இன்று அது பெரும்பாலும் வேலைக்கு ஆகாது. 2021 ஆகஸ்டிலிருந்து புதிய ஆப்கள் ப்ளே ஸ்டோருக்கு ஆப் பண்டில் வடிவில்தான் போக வேண்டும். ஸ்டோர் அதைத் துண்டுகளாகப் பிரித்து, உங்கள் போனின் பிராசசர், திரை, மொழிக்கு ஏற்ற துண்டுகளை மட்டும் அனுப்பும். நண்பரிடமிருந்து வருவது பல நேரம் அடிப்படைத் துண்டு மட்டுமாகவோ, அவர் போனுக்கென்று வெட்டிய துண்டாகவோ இருக்கும். திறந்த உடனே மூடும் கேம்களில் இந்த ரகம் நிறைய. வேறு யாரோ திருத்தி மாட் செய்த பதிப்புகளைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். கேம் விழுவதோடு கணக்கும் முடக்கப்படும், உள்ளே என்ன ஒளித்து வைத்திருக்கிறார்கள் என்பதும் தெரியாது.

டெவலப்பர் ஆப்ஷன்ஸில் விளையாடுவது

‘லேக் போக இதை ஆன் செய்யுங்கள்’ என்று சொல்லும் வீடியோவைப் பார்த்து, பில்ட் நம்பரை ஏழு முறை தட்டி, டெவலப்பர் ஆப்ஷன்ஸ் என்ற மறைவான செட்டிங்ஸுக்குள் போய்க் கண்டதையும் மாற்றிவிட்டு மறந்துபோகிறவர்கள் உண்டு. அங்கே ‘டோன்ட் கீப் ஆக்டிவிட்டீஸ்’ என்று ஒன்று இருக்கிறது. ஆனில் இருந்தால், நீங்கள் கேமை விட்டு நகர்ந்த நொடியே அதன் திரையைப் போன் அழித்துவிடும். ஒரு மெசேஜைப் பார்த்துவிட்டுத் திரும்பினால் கேம் முதலிலிருந்து தொடங்கும். பார்ப்பதற்கு அச்சு அசல் கிராஷ். ‘ஃபோர்ஸ் 4எக்ஸ் எம்எஸ்ஏஏ’ படத்தைக் கூர்மையாக்கும், கூடவே படம் வரையும் சிப்பான ஜிபியூவின் சுமையையும் ஏற்றும். எதை மாற்றினோம் என்று நினைவில்லையா? அந்தப் பகுதியை ஒரு முறை வரிசையாகப் பார்த்துப் பழைய நிலைக்குக் கொண்டுவந்துவிட்டு அப்புறம் மற்றதை யோசிக்கலாம்.

இங்கே சேஃப் மோடு பற்றியும் ஒரு வார்த்தை. ‘சேஃப் மோடில் போட்டு கேமை ஓட்டிப் பாருங்கள்’ என்று சொல்கிறார்கள். ஆண்ட்ராய்டின் சேஃப் மோடில் நீங்கள் இறக்கிய ஆப் எதுவும் ஓடாது, கேமும் அதில் சேர்த்திதான். சொல்பவர்கள் செய்து பார்த்துவிட்டுத்தான் சொல்கிறார்களா என்று தெரியவில்லை.

தவறு வேறெங்கோ இருக்கும்போது போனைக் குடைவது

2021 மார்ச்சில் ஒரே நாளில் ஏராளமான ஆண்ட்ராய்டு போன்களில் பல ஆப்கள் திறந்த உடனே மூடின, ஜிமெயிலும் தப்பவில்லை. ஆப்களில் குற்றமில்லை, ஆப்புக்குள்ளேயே இணையப் பக்கங்களைக் காட்ட அவை பொதுவாகப் பயன்படுத்தும் ஆண்ட்ராய்டு சிஸ்டம் வெப்வியூ என்ற பாகத்தில்தான் கோளாறு. வெப்வியூவுக்கும் குரோமுக்கும் புதிய அப்டேட் வந்ததும் சரியானது. அதற்கு முந்தைய ஆண்டு, 2020 மே மாதமும் ஜூலை மாதமும், ஐபோனில் ஸ்பாட்டிஃபை, பின்ட்ரஸ்ட் போன்ற ஆப்கள் கூட்டமாக விழுந்தன. ஃபேஸ்புக் லாகினுக்காக அவற்றுக்குள் சேர்த்திருந்த மென்பொருள் தொகுப்புதான் காரணம். ஃபேஸ்புக் தன் பக்கத்தில் திருத்தியதும் ஆப்கள் தானாக எழுந்துகொண்டன. அன்று ஆப்பை அழித்து மறுபடி போட்டவர்களுக்கு அதனால் எந்தப் பலனும் கிடைத்திருக்காது.

அதனால் நேற்று வரை நன்றாக ஓடிய கேம் இன்று ஒரேயடியாக அடம்பிடித்தால், அதே கேமை ஆடும் இன்னொருவருக்கும் இப்படித்தானா என்று முதலில் விசாரியுங்கள். சோதனைப் பதிப்புகளை முன்கூட்டியே தரும் பீட்டா திட்டத்தில் எப்போதோ சேர்ந்திருந்தால் அதிலிருந்து வெளியேறிப் பாருங்கள். ஃபேக்டரி ரீசெட்டை இந்தப் பட்டியலிலேயே சேர்க்க வேண்டாம். ஒரு கேமுக்காகப் போனையே துடைத்தெடுப்பதில் அர்த்தமில்லை.

கேம் பழையது, போன் புதியது என்றால் வேறு கதை. 2017-இல் வந்த ஐஓஎஸ் 11 முதல், பழைய வகை பிராசசர்களுக்காக எழுதிய 32-பிட் ஆப்கள் ஐபோனில் ஓடுவதில்லை. ஆண்ட்ராய்டிலும் 2022-இல் வந்த பிக்சல் 7 போன்றவை 64-பிட் ஆப்களை மட்டுமே ஏற்கின்றன. அப்டேட் நின்றுபோன கேமை இப்படிப்பட்ட போனில் எந்த செட்டிங்ஸும் எழுப்பாது.

ஒற்றை ஸ்டாரோடு நிறுத்துவது

‘கிராஷ் ஆகுது, மட்டமான கேம்’ என்று ரிவ்யூ எழுதினால் கோபம் தணியலாம், ஆனால் கேமை உருவாக்கியவர்களுக்கு அதில் பிடித்துக்கொள்ள எதுவும் கிடைக்காது. போன் மாடல், ஆண்ட்ராய்டு அல்லது ஐஓஎஸ் பதிப்பு, கேமின் பதிப்பு எண், எந்தத் திரையில் எதைத் தொட்டபோது மூடியது, தேதியும் நேரமும் – இவ்வளவையும் கேமுக்குள் இருக்கும் சப்போர்ட் பக்கம் வழியாக அனுப்புங்கள். முடிந்தால் ஸ்க்ரீன் ரெக்கார்டிங்கையும் சேர்க்கலாம், ஆனால் ரேம் குறைவான போனில் ரெக்கார்டரே கேமை விழவைக்கும் என்பதை நினைவில் வையுங்கள்.

அவர்களுக்கும் இதைக் கவனிக்கக் காரணம் இருக்கிறது. தினமும் பயன்படுத்துவோரில் 1.09 சதவீதத்தினரோ அதற்கு மேலோ கிராஷைச் சந்தித்தால் அந்த ஆப்பைப் பின்னுக்குத் தள்ள ப்ளே ஸ்டோருக்கு விதி உண்டு. ஒரு குறிப்பிட்ட போன் மாடலில் மட்டும் கிராஷ் மிக அதிகம் என்றால் அதற்குத் தனிக் கணக்கு வைத்திருக்கிறார்கள். உங்கள் மாடல் பெயரை மறக்காமல் எழுதச் சொல்வது அதனால்தான்.