முதல் காட்சில்லாவை 4கே டிஸ்க்கில் பார்க்கும் முன் டிவியில் மாற்ற வேண்டியவை

இஷிரோ ஹோண்டா இயக்கி 1954இல் வந்த முதல் காட்சில்லாவை பழைய படங்களை டிஸ்க்கில் வெளியிடும் அமெரிக்க நிறுவனமான கிரைட்டீரியன் 2024இல் 4கே டிஸ்க்காக வெளியிட்டது. ஆசையாக வாங்கி வந்து போட்ட முதல் இரவு எனக்குப் பெரிய ஏமாற்றம். டோக்கியோவை மிதிக்கும் மிருகம் தெரியவில்லை, ரப்பர் உடை மாட்டிய மனிதர்தான் தெரிந்தார். கோளாறு டிவி அமைப்பில் என்று கண்டுபிடிக்க மூன்று நாள் ஆனது. உங்களுக்கு அரை மணி நேரம் போதும்.

1. பிளேயர்: இந்த டிஸ்க் சாதாரண புளூ-ரே பிளேயரில் ஓடாது, பிஎஸ்4 (பிளேஸ்டேஷன் 4) கேம் கன்சோலிலும் ஓடாது. 4கே அல்ட்ரா எச்டி பிளேயரோ டிஸ்க் டிரைவ் உள்ள பிஎஸ்5ஓ வேண்டும். நான் தனி பிளேயரைத்தான் சொல்வேன். அமைதியான காட்சிகள் நிறைந்த படம், பிஎஸ்5இன் விசிறி இரைச்சல் உறுத்தும். 4கே டிஸ்க்குக்கு ரீஜன் பூட்டு, அதாவது குறிப்பிட்ட நாடுகளின் பிளேயரில் மட்டும் ஓடும் கட்டுப்பாடு, கிடையாது. கூடவே வரும் புளூ-ரே ரீஜன் ஏ, இந்தியா சி. இங்கே வாங்கிய பிளேயர் அதை ஏற்காமல் போகலாம்.

2. சட்டகம்: படத்தின் அகல உயர விகிதம் 1.37:1, கிட்டத்தட்ட பழைய டிவி வடிவம். இரு பக்கமும் கறுப்புப் பட்டை இருக்கத்தான் வேண்டும். ஜூம் செய்தால் மேலும் கீழும் வெட்டுப்படும்.

3. மோஷன் ஸ்மூத்திங்: என் மூன்று நாளும் போனது இங்கேதான்.

சிறப்புக் காட்சிகளை எடுத்த எய்ஜி சுபுராயா, நகரத்தை 25இல் ஒரு பங்கு அளவில் கட்டி, கேமராவை வழக்கத்தைவிட வேகமாக ஓட்டிப் படம்பிடித்தார். அதை வழக்கமான 24 பிரேம் வேகத்தில் ஓட்டும்போது அசைவு மெதுவாகிறது. சுவர் நிதானமாகச் சரிகிறது, கால் பாரமாக இறங்குகிறது. உடைக்குள் இருந்த ஹருவோ நகாஜிமாவின் நடைக்கு ஒரு மலையின் எடை வருவது அப்படித்தான். மோஷன் ஸ்மூத்திங் என்ன செய்கிறது? பிரேம்களுக்கு நடுவில் தானாகவே புதுப் பிரேம்களை உருவாக்கிச் செருகுகிறது. எல்லாம் வழவழவென்று நகர்ந்து, அந்த எடை காணாமல் போகிறது.

முதல் நாளே அதை அணைத்துவிட்டேன், ஆனாலும் படம் மாறவில்லை. காரணம், என் டிவி ஒவ்வொரு எச்டிஎம்ஐ இணைப்புக்கும் தனித்தனி அமைப்பை வைத்துக்கொள்கிறது. நான் அணைத்தது டிவியின் சொந்தச் செயலிகளுக்கு மட்டும். அதனால் முதலில் டிஸ்க்கை ஓடவிடுங்கள், படம் திரையில் இருக்கும்போதே மெனுவுக்குப் போங்கள். படத்தை எடுத்தபடியே காட்டும் ஃபிலிம்மேக்கர் மோட் இருந்தால் அதையே தேர்ந்தெடுங்கள். இல்லையென்றால் சினிமா மோடுக்கு மாற்றிவிட்டு, மோஷன் பகுதியில் இருப்பதையெல்லாம் கையால் அணையுங்கள்.

4. நாய்ஸ் ரிடக்‌ஷனை அணையுங்கள், ஷார்ப்னஸைக் குறையுங்கள். திரையில் மணிமணியாகத் துடிப்பது கிரெயின், ஃபிலிமுக்கே உரிய பொடிமணிகள். அதைத் துடைத்தால் ஓடோ தீவின் மலை முகட்டுக்கு மேல் எழும் அந்தத் தலையின் சொரசொரப்பும் சேர்ந்து போய்விடும். விளக்கையும் அணைத்துவிடுங்கள். டோக்கியோ எரிவது இரவில், வெளிச்சமான அறையில் பாதிக் காட்சி தெரியாது.

5. ஒலி: படத்தின் மூல ஒலி மோனோ, அதாவது ஒரே தடம். செயற்கை சரவுண்டை எல்லாம் நிறுத்துங்கள். பெயர்கள் ஓடும்போதே காலடிச் சத்தமும் உறுமலும் வரும், ஒலியளவை அங்கே சரிசெய்துகொள்ளலாம். அந்த உறுமல், தளர்த்திய டபுள் பாஸ் தந்திகளைத் தோல் கையுறையால் இழுத்து உருவாக்கியது. அப்புறம் அகிரா இஃபுகுபேயின் இசை. டிவி ஸ்பீக்கர் அதற்குப் போதவே போதாது, சின்னதாக இரண்டு ஸ்பீக்கராவது வையுங்கள்.

பின்சேர்க்கை: இதைப் படித்த ஒருவர், சில காட்சிகளில் மட்டும் கீறலும் மங்கலும் கூடுகின்றன, டிஸ்க் கெட்டதா என்று கேட்டிருந்தார். இல்லை. காட்சில்லாவையும் ஓடும் மக்களையும் ஒரே சட்டகத்தில் சேர்க்க, படத்தை மறுபடி ஃபிலிமில் நகலெடுத்திருக்கிறார்கள். ஒவ்வொரு நகலிலும் தூசியும் கிரெயினும் ஏறும். அது 1954லேயே படத்தில் பதிந்தது, டிஸ்க்கைத் திருப்பி அனுப்பிவிடாதீர்கள்.