நாதக்குடம் செய்யும்போது சறுக்கும் இடங்கள்

போன மாதம் அக்கா மகள் தன் கதையின் முதல் அத்தியாயத்தைக் கொண்டுவந்து கொடுத்தாள். சேலத்துக்குப் பக்கத்தில் ஏற்காடு இருக்கும் சேர்வராயன் மலை மாதிரியே ஒரு மலை. அங்கே வீட்டுக்கு வீடு 'நாதக்குடம்' இருக்கிறது. பேச்சு, பாட்டு, மேளச் சத்தம் எல்லாம் குடத்துக்குள் இறங்கித் தங்கும். ராத்திரி மூடியைத் திறந்து விளக்கேற்றுவார்கள், செக்கு ஓட்டுவார்கள். எனக்கு அந்தக் குடம் ரொம்பப் பிடித்துவிட்டது. பிடித்ததால்தான் வரிக்கு வரி நிறுத்திக் கேள்வி கேட்டேன். ஒலியைச் சேமிக்கும் கருவியைக் கற்பனை செய்கிறவர்கள் வழக்கமாகச் சறுக்கும் இடங்கள் அநேகமாக எல்லாமே அதில் இருந்தன.

முதலில் அளவு. சத்தம் காதைப் பிளந்தால் அதில் ஆற்றல் கொட்டிக் கிடப்பதாக நினைத்துக்கொள்கிறோம். உண்மையில் நம் காது அவ்வளவு கூர்மையானது. சாதாரணப் பேச்சில் வாயிலிருந்து ஒலியாக வெளியே போவது ஒரு வாட்டில் லட்சத்தில் இரண்டு பங்கு அளவுக்குத்தான் வரும். ஒரு டம்ளர் தண்ணீர், 200 மில்லி, கொதிப்பதற்குச் சுமார் 63,000 ஜூல் ஆற்றல் வேண்டும். ஒரு வாட் என்பது நொடிக்கு ஒரு ஜூல்; கணக்குப் போட்டால், ஒரு ஆள் இடைவிடாமல் 100 வருஷம் பேச வேண்டியிருக்கும்! அவள் கதையில் பாட்டி ஒரே ஒரு தாலாட்டில் அடுப்பு மூட்டிவிடுகிறாள். ஒலியை அளக்கும் டெசிபல் கணக்கையும் பலர் தப்பாகப் பிடிக்கிறார்கள். 10 டெசிபல் ஏறினால் ஒலியின் செறிவு பத்து மடங்கு. 60-லிருந்து 90-க்குப் போனால் ஆயிரம் மடங்கு.

இதைச் சொன்னதும் அவள் முகம் வாடிவிட்டது. வாட வேண்டியதில்லை. தலைமுறை தலைமுறையாக நிரம்பி வரும் குடம் என்று வைத்துக்கொள்ளலாமே. கொள்ளுப்பாட்டியின் ஒப்பாரி அடியில் கிடக்கும், பேத்தியின் மழலை மேலே மிதக்கும். அப்படிப்பட்ட குடத்தை யார், எதற்காகத் திறக்கிறார்கள் என்பதே ஒரு கதை.

எனக்கு மிகவும் உறுத்தியது அடுத்த தவறு. சேலம் கோட்டை மாரியம்மன் ஆடிப் பண்டிகையை மனதில் வைத்து ஒரு திருவிழாக் காட்சி எழுதியிருந்தாள். பறை முழங்குகிறது, குடங்கள் நிரம்புகின்றன, சனம் ஆடுகிறது.

"ஆடுறவங்களுக்குப் பறை எப்படிக் கேட்டுச்சு?" என்றேன்.

"பக்கத்துலதானே மாமா அடிக்கிறாங்க?"

"அடிச்ச சத்தம் குடத்துக்குள்ள போயிடுச்சுன்னு நீதானே எழுதியிருக்கே?"

குடத்துக்குள் போன ஒலி காதுக்கு வராது. சேமித்தது எவ்வளவோ, அவ்வளவும் யாரோ ஒருவருக்குக் கேட்காமல் போனது. சேலம் செவ்வாய்ப்பேட்டையில் ஒரு கொலுசுப் பட்டறையில் பார்த்திருக்கிறேன்: பெரியவர் சலங்கை கோத்து முடித்ததும் கொலுசைக் காதருகே கொண்டுபோய், கண்ணை மூடிக்கொண்டு, இரண்டு முறை குலுக்குவார். ஒரு மணி மந்தமாக ஒலித்தாலும் தலையை ஆட்டிவிட்டு அதைக் கழற்றிப் போடுவார். அந்தப் பட்டறையில் நாதக்குடம் இருந்தால் அவருக்கு வேலையே ஓடாது. குடத்தை எந்த வீட்டில் வைப்பார்கள், எந்த வீட்டில் நுழையவே விடமாட்டார்கள் என்று யோசிக்காமல் எழுதினால் அந்த ஊர் ஊராகவே நிற்காது.

ஆற்றலையும் குரலையும் ஒன்றாகக் குழப்புவது இன்னொரு தவறு. 1877-ல் எடிசன் செய்த போனோகிராப் குரலின் அதிர்வு வடிவத்தைத் தகரத்தாளில் பதித்தது. திரும்பப் பாடுவதற்கான விசையைக் கைப்பிடி சுற்றிய கைதான் கொடுத்தது. அது வடிவத்தை வைத்திருந்தது, ஆற்றலை வைத்திருக்கவில்லை. உங்கள் குடத்திலிருந்து வருவது பாட்டியின் குரலா, சூடா? இரண்டும் முழுசாக வரும் என்றால் ஒரே காசை இரண்டு முறை செலவழிக்கிறீர்கள். சூடாக்கினால் குரல் கரைந்துபோகும் என்று வைத்துப் பாருங்கள், குளிரில் நடுங்கும் வீட்டில் அது எவ்வளவு பெரிய முடிவு!

கசிவையும் மறக்கக் கூடாது. அடித்த மணி ஓய்வது அதன் அதிர்வு கொஞ்சம் ஒலியாக வெளியேறி, மீதி மெல்லச் சூடாக மாறிக் கரைவதால். ஆகவே நிறைகுடம் தொட்டால் கொஞ்சம் வெதுவெதுப்பாக இருக்கட்டும். மார்கழிக் குளிரில் ஏற்காட்டுப் பூனை அதை ஒட்டித்தான் படுக்கும்.

ஏற்காட்டுக் கிளியூர் அருவியின் இரைச்சலைப் பிடித்து ஊருக்கே விளக்குப் போடுவதாகவும் ஒரு பத்தி இருந்தது. 300 அடி உயரத்திலிருந்து விழும் ஒரு லிட்டர் தண்ணீரிலேயே சுமார் 900 ஜூல் இருக்கிறது. இரைச்சலாகப் போவது அதில் துளிதான். அந்த ஊர்க்காரர்கள் தண்ணீர்ச் சக்கரம் வைக்காததற்கு ஒரு காரணம் சொல்லியே ஆக வேண்டும்.

குடம் எதனால் ஆனது? 'மந்திரக் கல்' என்று சோம்பேறித்தனமாக முடித்துவிடாதீர்கள். ஏற்காட்டு மலை சார்னோக்கைட் என்ற கெட்டியான பாறை; அதில் குவார்ட்ஸ் என்ற படிகக் கல் மணிகள் உண்டு. குவார்ட்ஸை அழுத்தினால் மின்னூட்டம் பிறக்கும் என்று 1880-ல் கியூரி சகோதரர்கள் காட்டினார்கள். ஆனால் பாறைக்குள் மணிகள் தாறுமாறாகத் திரும்பிக் கிடப்பதால் ஒன்றின் விளைவை இன்னொன்று அடித்துவிடும். அப்படியானால் மணிகளைப் பொறுக்கி, எல்லாம் ஒரே திசை பார்க்கும்படி குடத்தின் உள்சுவரில் பதிக்கும் கைவினைஞர்கள் வேண்டும். கொலுசுக்காரர் மாதிரியே கண்ணும் காதும் உள்ளவர்கள்.

நேற்று திருத்திய அத்தியாயம் வந்தது. திருவிழாக் காட்சியை எடுத்துவிட்டாள். தொட்டிலுக்கு மேலே உத்தரத்தில் குடம் தொங்குகிறது. பாட்டியின் உதடு அசைகிறது, குழந்தை விடாமல் அழுகிறது, அந்த அழுகையும் யாருக்கும் கேட்கவில்லை. அடுப்படியிலிருந்து தற்செயலாக எட்டிப் பார்த்த அம்மா, முக்காலியை இழுத்துப் போட்டு ஏறிக் குடத்தை மூடுகிறாள்.