டாய் பூடில்: குளியலுக்கு முன் சீப்பு

சுருள்முடி கொண்ட சிறிய நாய் இனமான டாய் பூடிலுக்கு முடி அதிகம் கொட்டாது என்பதால் வேலை குறைவு என்று நினைக்காதீர்கள். உதிரும் முடி தரையில் விழாமல் சுருளுக்குள்ளேயே சிக்கிச் சடையாகிவிடும். ஸ்லிக்கர் பிரஷால் (மெல்லிய கம்பிப் பற்கள் நெருக்கமாக உள்ள பிரஷ்) மேலாக வாரினால் போதாது. முடியை வகிர்ந்து தூக்கி, தோல் தெரியும்படி வரிவரியாக வாருங்கள். பிறகு உலோகச் சீப்பு அடிவரை தடையில்லாமல் ஓடுகிறதா என்று பாருங்கள். காதுக்குப் பின்னால், முன்னங்கால் அக்குளில், கழுத்துப்பட்டைக்கு அடியில்தான் முதலில் சிக்கு விழும். அதை எடுக்காமல் குளிப்பாட்டினால் முடிச்சு இறுகிவிடும், அப்புறம் மழிக்கத்தான் வேண்டும். சடையைக் கத்தரிக்கோலால் வெட்டவே கூடாது. தோலும் சேர்ந்து வெட்டுப்படும். குளித்ததும் டிரையரை மிதமான சூட்டில் வைத்து, வாரிக்கொண்டே காயவையுங்கள். தொங்கும் காதுக்குள் ஈரம் தங்கினால் தொற்று வரும். முடிவெட்டு 4 முதல் 6 வாரத்துக்கு ஒருமுறை.