உப்புக்காற்றில் கண்காணிப்புக் கேமரா: கடலோரத்தார் தவிர்க்க வேண்டிய தவறுகள்

பாம்பன், மண்டபம், தொண்டி, கீழக்கரை என எந்தக் கடற்கரை ஊரிலும் இன்று ஐஸ் கடை முதல் தங்கும் விடுதி வரை கண்காணிப்புக் கேமரா இல்லாத வாசல் அரிது. இருந்தும், திருட்டுப் போன மறுநாள் பதிவைத் தேடும்போதுதான் அது எப்போதோ நின்றுபோனது பலருக்குத் தெரியவருகிறது.

பெட்டியில் ஐபி67 என்று அச்சிட்டிருந்தால் உப்புக்காற்றையும் தாங்கும் என்று நம்புவதே முதல் தவறு. அந்த எண்ணில் 6 என்பது தூசியையும் 7 என்பது தண்ணீரில் மூழ்குவதையும் குறிக்கும். துருவைப் பற்றி அது ஒன்றும் சொல்வதில்லை. கடலை ஒட்டிய கட்டடங்களில் தாங்கியும் திருகுகளும் மாலிப்டினம் கலந்த 316 ரக எவர்சில்வரில் இருப்பது நல்லது. படம் விட்டுவிட்டு வந்தால் உடனே புதுக் கேமரா வாங்கிவிடாமல் கேபிள் முனையைக் கழற்றிப் பார்க்க வேண்டும். பெரும்பாலும் செம்பில் பச்சைக் களிம்பு பூத்திருக்கும். வாடைக்காலத்தில் கண்ணாடியில் படியும் உப்பை உலர்ந்த துணியால் தேய்த்தால் கீறல் விழும் என்பதால், நல்ல தண்ணீர் விட்டுக் கழுவிய பிறகே துடைக்க வேண்டும். முகப்பில் சிலந்தி வலை கட்டியிருந்தால், இரவில் அகச்சிவப்பு ஒளிபட்டு ஆடும் ஒற்றை இழையையே ஆள் நடமாட்டம் என்று கொண்டு கருவி விடிய விடிய எச்சரிக்கை அனுப்பும். (கடைசியில் உரிமையாளர் எச்சரிக்கையையே அணைத்துவிடுவார்.)

அடுத்தது கொள்ளளவுக் கணக்கு. விநாடிக்கு 4 மெகாபிட் வீதம் பதியும் ஒரு கேமராவுக்கு நாளொன்றுக்கு ஏறத்தாழ 43 ஜிபி தேவை. நான்கு கேமராக்களுக்கு 1 டிபி வட்டு ஆறு நாள்கூடத் தாங்காமல் பழைய பதிவை அழித்தெழுதத் தொடங்கிவிடும். மின்தடைக்குப் பின் கடிகாரம் பிந்தியிருந்தாலோ வழக்கில் கேள்வி எழும். 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய சாட்சிய அதினியம் என்ற சாட்சியச் சட்டத்தின் 63ஆம் பிரிவு மின்னணுப் பதிவுக்குச் சான்றிதழ் கேட்கிறது; திரையைக் கைப்பேசியில் படமெடுத்து அனுப்பினால் போதும் என்று இருந்துவிடக் கூடாது.

கேமரா பார்க்கும் கோணத்தில் காட்டும் அலட்சியமே எல்லாவற்றிலும் மோசமானது. அக்னி தீர்த்தத்தில் நீராடியவர்கள் ஈர உடையோடு வந்து உடை மாற்றும் ஊரில், விடுதியின் கேமரா வாசலையும் வரவேற்பிடத்தையும் தாண்டி எதையும் பார்க்கக் கூடாது. ஒருவரின் அந்தரங்க உறுப்புகளை அவர் சம்மதமின்றிப் படம்பிடிப்பதற்குத் தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66இ (66E) பிரிவு மூன்றாண்டு வரை சிறையோ இரண்டு லட்சம் வரை அபராதமோ இரண்டுமோ விதிக்கிறது. கருவியோடு வந்த கடவுச்சொல்லை மாற்றாமல் விட்டால் அந்தக் காட்சியை யார் பார்க்கிறார்கள் என்பது உரிமையாளருக்கே தெரியாது.

கேமரா பொருத்திய டிரோனைப் பறக்கவிடுவோர் உச்சிப்புளியில் ஐஎன்எஸ் பருந்து கடற்படை விமானத் தளம் இருப்பதையும், மன்னார் வளைகுடாவின் 21 தீவுகள் தேசியப் பூங்காவில் அடங்குவதையும் மறக்கலாகாது. டிரோன் எங்கே பறக்கலாம், எங்கே கூடாது என்று காட்டும் அரசின் டிஜிட்டல் ஸ்கை வரைபடத்தைப் பார்க்காமல் ஏற்றக் கூடாது.

கேமராவில் மட்டுமல்ல, விசைப்படகில் படகின் இருப்பிடத்தை மற்றக் கப்பல்களுக்குத் தானாக அறிவிக்கும் ஏஐஎஸ் கருவியை அணைத்து வைப்பதும் தவறுதான். மரப்படகும் ஃபைபர் படகும் ரேடாரில் மங்கலாகவே தெரியும். இரவில் அந்தக் கருவியும் நின்றுவிட்டால், தூத்துக்குடிக்குப் போகும் சரக்குக் கப்பலின் திரையில் அப்படகு தெரியாமலே போகலாம். டீசலும் ஐஸும் சரிபார்க்கும்போதே அதன் பேட்டரி முனையையும் ஒருமுறை தொட்டுப் பார்த்துவிட்டுப் புறப்பட வேண்டும்.