துப்பாக்கி உரிம மனு கிடப்பில் கிடக்கிறதா? சட்டப்படி செய்ய வேண்டியவை

பயிர்ப் பாதுகாப்புக்கோ, துப்பாக்கி சுடும் போட்டிக்கோ, உயிருக்கு மிரட்டல் இருப்பதாலோ உரிமம் கேட்டு மனு போட்டிருப்பீர்கள். மாதங்கள் ஓடிவிட்டன. கேட்டால் "ஃபைல் மூவ் ஆகிட்டிருக்கு" என்கிறார்கள்.

முதலில் ஒன்றைப் புரிந்துகொள்ளுங்கள். துப்பாக்கி வைத்திருப்பது நம் நாட்டில் அடிப்படை உரிமை அல்ல. ஆனால் மனு கொடுத்தவருக்கு முடிவைச் சொல்லியே ஆக வேண்டும். தருகிறோம் என்றோ, தர முடியாது என்றோ எழுத்தில் உத்தரவு வர வேண்டும். நீங்கள் போராடப்போவது அந்த உத்தரவுக்காகத்தான்.

படி 1: கெடு முடிந்துவிட்டதா என்று பாருங்கள்

1959-ஆம் ஆண்டு ஆயுதச் சட்டத்தின் 13-ஆவது பிரிவுப்படி, உரிமம் வழங்கும் அதிகாரி உங்கள் பகுதிக் காவல் நிலையத்திடம் அறிக்கை கேட்க வேண்டும். மாவட்டங்களில் அந்த அதிகாரி கலெக்டர்; சென்னை போன்ற மாநகரங்களில் போலீஸ் கமிஷனர். 2016-ஆம் ஆண்டு ஆயுத விதிகள் காவல்துறை அறிக்கைக்கு 30 நாள் தருகின்றன. அறிக்கை வந்ததிலிருந்து 60 நாளுக்குள் உத்தரவு வர வேண்டும்.

ஸ்டேஷனிலிருந்து அறிக்கை வராவிட்டால்? அதற்காகக் காத்திராமல் அதிகாரியே முடிவெடுக்கலாம் என்று அதே 13-ஆவது பிரிவு சொல்கிறது. பலருக்கும் தெரியாத வரி இது, படி 3-இல் வரும் நினைவூட்டல் மனுவில் கட்டாயம் எழுதுங்கள். அதற்கு முன் மருத்துவச் சான்று, பயிற்சிச் சான்று எல்லாம் சேர்த்திருக்கிறீர்களா என்று சரிபாருங்கள். ஒன்று குறைந்தாலும் பழி உங்கள் மேல் திரும்பும்.

படி 2: ஃபைல் எங்கே நிற்கிறது?

தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் மனு போடுங்கள். தமிழக அரசு அலுவலகம் என்றால் 10 ரூபாய் கோர்ட் ஃபீஸ் ஸ்டாம்ப் ஒட்டினால் போதும். "ஏன் தாமதம்?" என்று கேட்காதீர்கள், நழுவலான பதில்தான் வரும். தேதிகளைக் கேளுங்கள்: காவல்துறைக்குக் கடிதம் அனுப்பிய தேதி, அறிக்கை வந்த தேதி, இப்போது ஃபைல் யாரிடம் இருக்கிறது, குறிப்புத் தாளின் (ஃபைலில் அதிகாரிகள் எழுதிய குறிப்புகள்) நகல். 30 நாளில் பதில் வராவிட்டால் முதல் மேல்முறையீடு செய்யுங்கள்.

படி 3: நினைவூட்டல் மனு

இந்தப் படியைத் தாண்டிக் கோர்ட்டுக்கு ஓடாதீர்கள். "அதிகாரியிடம் கேட்டீர்களா?" என்பதுதான் அங்கே வரும் முதல் கேள்வி. ஒரு பக்கம் போதும்:

"மேற்கண்ட எண்ணுள்ள எனது உரிம மனு இந்தத் தேதியில் தங்கள் அலுவலகத்தில் பெறப்பட்டது. ஆயுத விதிகள், 2016-இல் கூறிய கால அளவு கடந்தும் உத்தரவு ஏதும் வரவில்லை. காவல்துறை அறிக்கை வரவில்லை எனில், சட்டத்தின் 13-ஆவது பிரிவின்படி முடிவெடுத்து, 15 நாட்களுக்குள் எழுத்துபூர்வமான உத்தரவு வழங்கக் கேட்டுக்கொள்கிறேன்."

அந்த அலுவலகத்தின் தபால் பிரிவில் கொடுத்து உங்கள் நகலில் தேதியோடு சீல் வாங்குங்கள். இன்னொரு பிரதியை ஸ்பீடு போஸ்ட்டில் அனுப்பி ரசீதைப் பத்திரப்படுத்துங்கள்.

படி 4: உயர் நீதிமன்றம்

அதற்கும் அசையவில்லையென்றால் அரசியலமைப்பின் 226-ஆவது பிரிவில் ரிட் மனு. தென்மாவட்டக்காரர்களுக்கு மதுரைக் கிளை. கடமையைச் செய்யச் சொல்லிக் கேட்கும் மேண்டமஸ் ரிட் அது. "உரிமம் தர உத்தரவிடுங்கள்" என்று கேட்டால் எடுபடாது. "என் மனுவைப் பரிசீலித்து இத்தனை வாரத்துக்குள் முடிவெடுக்க உத்தரவிடுங்கள்" என்று கேளுங்கள். அளவான கோரிக்கை என்பதால் கிடைக்க வாய்ப்பு அதிகம்.

கெடு தாண்டினால் உரிமம் கிடைத்ததாகவே அர்த்தம் என்று சிலர் சொல்வார்கள், நம்பாதீர்கள். அலகாபாத் உயர் நீதிமன்றத்தில் ஒரு நீதிபதி 1993-இல் அப்படிச் சொன்னதுண்டு. அதே நீதிமன்றத்தின் முழு அமர்வு பிறகு அதை ஏற்கவில்லை. கையில் உரிமம் இல்லாமல் துப்பாக்கி வாங்கினால் அது குற்றம்.

நிராகரித்துவிட்டால்

காரணத்தை எழுத்தில் கேளுங்கள். பொதுநலன் கருதி மறுக்கும் சில சந்தர்ப்பங்கள் தவிர, சுருக்கமாகவாவது அவர்கள் தர வேண்டும். ஆயுதச் சட்டத்தின் 18-ஆவது பிரிவில் மேல்முறையீடு செய்ய 30 நாள்தான், அதைத் தவறவிடாதீர்கள். உத்தரவே வராத தாமதத்துக்கு இந்த மேல்முறையீடு பொருந்தாது.

புதுப்பித்தல் தாமதமானால்

உரிமக் காலம் முடிந்தபின் "மனு நிலுவையில்தானே இருக்கிறது" என்று துப்பாக்கியை வீட்டில் வைத்திருக்காதீர்கள். ஆயுதச் சட்டத்தின் 21-ஆவது பிரிவுப்படி தாமதமின்றிக் காவல் நிலையத்திலோ உரிமம் பெற்ற ஆயுத வியாபாரியிடமோ ஒப்படைத்து ரசீது வாங்குங்கள். அப்புறம் மேலே சொன்ன அதே வழிகளில் புதுப்பித்தலுக்கான உத்தரவைக் கேளுங்கள்.