ஃபேன் சத்தம் ஏறி இறங்குகிறதா?

டெஸ்க்டாப் சும்மா இருக்கும்போதே ஃபேன் சத்தம் ஏறி இறங்கினால், புது ஃபேன் வாங்க ஓட வேண்டாம். பெரும்பாலும் ஃபேன் பழுதாகியிருக்காது, அதன் வேகத்தைத் தீர்மானிக்கும் செட்டிங்கில்தான் கோளாறு இருக்கும்.

முதலில், கணினியின் வெப்பநிலையைக் காட்டும் எச்டபிள்யூஇன்ஃபோ (HWiNFO) மென்பொருளில் சென்சார் பகுதியை மட்டும் திறந்து வைத்துவிட்டு, வழக்கமாகச் செய்யும் வேலையையோ கேமையோ அரை மணி நேரம் ஓட விடுங்கள். அப்புறம் உச்ச வெப்பநிலையைப் பாருங்கள். ஒரு பிரவுசர் டேப் திறந்தாலே பிராசசரின் சூடு நொடிப்பொழுதில் 15, 20 டிகிரி தாவி இறங்கும். ஃபேன் அதைத் துரத்துவதால்தான் அந்த இரைச்சல். பயாஸில் (கணினி தொடங்கும்போது திறக்கக்கூடிய மதர்போர்டின் செட்டிங் திரை) ஃபேன் வேகம் மாறுவதற்கான தாமதத்தைச் சில நொடிகள் கூட்டுங்கள். எந்தச் சூட்டுக்கு எவ்வளவு வேகம் என்று காட்டும் வேகக் கோட்டை 60 டிகிரி வரை தட்டையாக வைத்து, அதற்கு மேல் மெல்ல ஏற விடுங்கள்.

கேம் ஆடுபவர்களுக்கு இன்னொன்று: பெட்டிக்குள் அதிகச் சூட்டைக் கொட்டுவது கிராஃபிக்ஸ் கார்டுதான். ஆனால் பல மதர்போர்டுகளின் பயாஸ் அந்தக் கார்டின் வெப்பநிலையைக் கணக்கில் எடுப்பதில்லை. விண்டோஸில் இலவசமாகக் கிடைக்கும் ஃபேன் கன்ட்ரோல் (Fan Control) மென்பொருள் இருந்தால், கேபினெட் ஃபேன்களின் வேகத்தைக் கார்டின் வெப்பநிலையோடு இணைத்துவிடலாம்.

ஃபேன்களில் இருக்கும் வண்ண விளக்கு விஷயம் சுருக்கமாக. ஒவ்வொரு எல்இடியும் தனி நிறம் காட்டும் 3 பின் ஏஆர்ஜிபி 5 வோல்ட், எல்லாம் ஒரே நிறம் காட்டும் 4 பின் ஆர்ஜிபி 12 வோல்ட். 5 வோல்ட் விளக்கை 12 வோல்ட் இணைப்பில் மாற்றிச் செருகினால் எல்இடி கருகிவிடலாம். இரண்டு லைட்டிங் மென்பொருள்களை ஒன்றாக ஓட விடாதீர்கள், ஒன்றோடொன்று முட்டிக்கொள்ளும்.