நோய்ப்பெயரை அப்படியே நம்பாதீர்கள்: நாஜிக் காலத்து யூத மருத்துவர்களை ஆராய்வோருக்கு

யூத இனப்படுகொலைக் காலத்தில் வாழ்ந்த மருத்துவர்களைப் பற்றி ஆராய விரும்பும் மருத்துவர், ஒரு மருத்துவரையும் ஓர் ஊரையும் மட்டும் எடுத்துக்கொண்டு தொடங்குவது நல்லது. முதல் வேலை, அவருடைய பெயர் போலிஷ், இத்திஷ் (கிழக்கு ஐரோப்பிய யூதர்களின் மொழி), ஜெர்மன் ஆவணங்களில் எழுதப்பட்ட விதங்களையெல்லாம் தொகுப்பது. ஜெர்மனியில் 1939 ஜனவரி 1 முதல் யூத ஆண்களின் பெயரோடு இஸ்ரேல் என்பதும் பெண்களின் பெயரோடு சாரா என்பதும் கட்டாயமாகச் சேர்க்கப்பட்டதால், ஜெர்மன் தாள்களில் காணும் இஸ்ரேல் பெற்றோர் இட்ட பெயராக இல்லாமல் போகலாம். போலந்தின் வார்சாவில் யூதர்களை அடைத்துவைத்த பகுதியான கெட்டோவின் சுகாதாரத் துறைக்குத் தலைமை தாங்கிய இஸ்ரேல் மிலெய்கோவ்ஸ்கிக்கோ அது சொந்தப் பெயர்.

பட்டமும் அப்படித்தான். 1938 ஜூலையில் வந்த ஆணையால், அந்த ஆண்டு செப்டம்பர் 30 முதல் ஜெர்மனியின் யூத மருத்துவர்கள் அனைவரும் உரிமம் இழந்தனர். யூத நோயாளிகளை மட்டும் பார்க்க அனுமதி பெற்ற சிலர் ‘நோயாளிகளுக்குச் சிகிச்சை செய்பவர்’ என்றே குறிக்கப்பட்டனர். பிந்தைய பதிவுகளில் மருத்துவர் என்ற சொல்லை மட்டும் தேடினால் இவர்கள் கண்ணில் படமாட்டார்கள்.

நம் மருத்துவப் பயிற்சி கைகொடுக்கும் இடமும், நம்மை ஏமாற்றிவிடும் இடமும் நோய்ப்பெயர்தான். ஜெர்மன் ஆவணத்தில் ‘டீஃபுஸ்’ என்று கண்டால் அது பெரும்பாலும் டைபாய்டு. பேன் பரப்பும் டைபஸுக்கு அங்கே ‘ஃப்ளெக்ஃபீபர்’ என்று பெயர். இதைவிடக் கடினமானது, தெரிந்தே எழுதப்பட்ட பொய். நாஜிகளின் வதைமுகாமான ஆஷ்விட்ஸின் இறப்புப் பதிவேடுகளில் இதயத்தசை பலவீனம், நிமோனியா என்று ஒழுங்கான கையெழுத்துகளோடும் நேரத்தோடும் காணப்படும் காரணங்கள் பல, கொலையை மறைக்கப் புனையப்பட்டவை. வந்து இறங்கியவுடனே நச்சுவாயு அறைக்கு அனுப்பப்பட்டவர்களோ அந்தப் பதிவேடுகளில் இடம்பெறவே இல்லை. ஆகவே அவற்றிலிருந்து நோய்ப் புள்ளிவிவரம் தயாரிக்க முயலாதீர்கள்.

காப்பாற்றுவதற்காகச் சொன்ன பொய்யும் உண்டு. லிதுவேனியாவின் கோவ்னோ கெட்டோவில் 1941 அக்டோபர் 4 அன்று, தொற்றுநோய் மருத்துவமனையை நோயாளிகளோடும் பணியாளர்களோடும் ஜெர்மானியர் எரித்தனர். பின்னர் அங்கே டைபஸ் பரவியபோது, மருத்துவர் மோசஸ் பிரவுன்ஸ் அதை அவர்களுக்குத் தெரியாமல் மறைத்து, நோயாளிகளை வீடுகளிலேயே வைத்துக் கவனித்தார். அந்தக் கெட்டோவின் அதிகாரபூர்வ அறிக்கையில் டைபஸ் இல்லையென்றால், அந்த இன்மையையே அவருடைய சிகிச்சையின் ஒரு பகுதியாகப் படிக்க வேண்டும். ஒவ்வொரு தாளிலும் இதை எழுதியவர் யார், யாருடைய கண்ணுக்காக எழுதினார் என்று கேட்டு, விடையைக் குறிப்பேட்டில் நோய்ப்பெயருக்கு அருகிலேயே எழுதிவையுங்கள்.

உண்மையை எழுதுவதற்காகவே எழுதப்பட்ட ஆவணம் ஒன்று உண்டு. அதை நிதானமாகப் படியுங்கள். 1942 பிப்ரவரியில் மிலெய்கோவ்ஸ்கியின் தலைமையில் வார்சா கெட்டோவின் மருத்துவர்கள், தாங்களும் பட்டினியில் வாடியபடியே, பட்டினி நோயை ஆராயத் தொடங்கினர். ஜூலை 22 அன்று தொடங்கிய, கொலை முகாமுக்கான நாடுகடத்தல் அந்த வேலையை அறுத்தது. 3,658 பிரேதப் பரிசோதனைகளிலிருந்து, வேறு நோய் கலக்காத பட்டினி மரணங்களாக 492ஐப் பிரித்தெடுத்த அவர்களுடைய கறார்த்தன்மையின் அருமை, பிரேத அறையில் நின்ற எவருக்கும் புரியும். ரகசியமாக வெளியே அனுப்பப்பட்ட கையெழுத்துப் பிரதி, ஆய்வாளர்களில் உயிர்தப்பிய எமில் அப்ஃபெல்பாமின் முயற்சியால் 1946இல் அச்சேறியது. கைதிகள்மீது நாஜிகள் செய்த பரிசோதனைகளோடு இதை ஒரே அடைப்பில் போடுவது பெரும் தவறு.

பெயர்களைத் தேட, ஜெர்மனியின் பாட் அரோல்சனில் உள்ள ஆவணக்காப்பகத்தையும் இஸ்ரேலில் உள்ள இனப்படுகொலை நினைவு நிறுவனமான யாத் வஷேமின் பெயர்த் தரவுத்தளத்தையும் இணையத்திலேயே பயன்படுத்தலாம். அங்கே கிடைப்பதைப் பிழைத்தவர்களின் வாய்மொழிச் சாட்சியங்களோடு ஒப்பிடுங்கள். தேதிகளில் சாட்சியம் தடுமாறலாம். அதற்காக அறையையும் வாடையையும் அச்சத்தையும் பற்றி அது சொல்வதைத் தள்ளிவிடக் கூடாது.

மகப்பேறு மருத்துவர் கிசெல்லா பெர்ல் ஆஷ்விட்ஸில் கர்ப்பங்களைக் கலைத்ததாகத் தாமே எழுதியிருக்கிறார். இப்படியொரு செயலைப் பதியும்போது, கர்ப்பம் தெரியவந்தால் அங்கே தாயும் சேர்த்தே கொல்லப்பட்டாள் என்பதை அதே பத்தியில் எழுதுங்கள், அடிக்குறிப்புக்குத் தள்ளாதீர்கள்.